ஈச்சம்புதர்த் திட்டு

கோபம் வந்தால் ஜித்னியின் நடையில்தான் முதலில் தெரியும். குதிகாலை ஊன்றி ஊன்றி நடப்பாள். அந்தச் சத்தத்தைக் கேட்டே, இன்றைக்குச் சோறு தட்டில் விழுமா தலையில் விழுமா என்று அவள் புருஷன் கந்தூர் சொல்லிவிடுவான். மாடுகளைக் கொண்டாடும் சோஹ்ராய் பண்டிகைக்கு மறுநாள் காலை அவள் குளத்திலிருந்து திரும்பியபோது அப்படி எந்தச் சத்தமும் இல்லை. மெதுவாக வந்து முற்றத்தில் நின்றாள். மாட்டின் கொம்பில் முந்தின நாள் தடவிய எண்ணெயைத் துடைத்துக்கொண்டிருந்த கந்தூர் துணியைக் கீழே போட்டான்.

"என்ன? திட்டை இடிச்சுட்டானுங்களா?"

"இடிக்கல."

"பின்ன?"

"மெழுகி வெச்சிருக்கு. வெள்ளை மண்ணு பூசி, செம்மண்ணுல கொடி எழுதி, கல்யாணப் பொண்ணு மாதிரி நிக்குது."

"மேல இருந்த புதரு?"

"இல்ல."

கந்தூர் மாட்டைப் பார்த்தான். பிறகு கூரையைப் பார்த்தான். மத்தியானம் ராஞ்சியிலிருந்து ஹைகோர்ட் அனுப்பிய வக்கீல் வருகிறார். அவர் பார்க்க வருவதே அந்தத் திட்டைத்தான்.

அவர்கள் ஊரான தும்பர்டாண்டில் மழைக்குப் பஞ்சமில்லை. பெய்த மழை நிற்பதில்லை, அவ்வளவுதான். மேட்டில் விழுந்த தண்ணீர் சரிவில் இறங்கி ஆற்றோடு போய்விடும். பங்குனி பிறந்தால் மாடுகளை ஓட்டிக்கொண்டு இரண்டு மேடு தாண்டி இறங்க வேண்டும். அரசாங்கத்து வேலைத் திட்டத்தில் இங்கே ஒரு குளம் என்று அறிவித்தபோது, ஊரில் பாதிப் பெண்கள் மண்வெட்டியோடு வந்து நின்றார்கள். அவர்களை வேலை வாங்குகிற 'மேட்' ஆக ஜித்னியைப் போட்டார்கள். எழுதப் படிக்கத் தெரிந்த பெண்கள் இரண்டு பேர் இருந்தும் இவளைப் போட்டதற்குக் காரணம் குரல். குளத்தின் இந்தக் கரையிலிருந்து அவள் கூப்பிட்டால் அந்தக் கரையில் கூடை சுமப்பவள் திரும்பிப் பார்ப்பாள்.

மண் வெட்டும்போது குழிக்குள் அங்கங்கே ஒரு முழ அகலத்துக்குத் தரையை வெட்டாமல் விட்டுவிட வேண்டும். சுற்றிலும் ஆழம் போகப் போக அது தூண் மாதிரி நிற்கும். அதன் தலைதான் பழைய தரை. தலையிலிருந்து அடி வரை அளந்தால் வெட்டிய ஆழம். ஜித்னி மூன்று திட்டுகள் விட்டாள். அதில் ஒன்றை, தரையோடு தரையாகப் படர்ந்திருந்த குட்டை ஈச்சம்புதரை நடுவில் வைத்து விட்டாள். ஈச்சங்கட்டையை வெட்டுவதற்குள் மண்வெட்டி வாய் மழுங்கிவிடும், அது இருந்துவிட்டுப் போகட்டும் என்ற சோம்பல்தான். பெரிய யோசனை ஒன்றும் இல்லை.

நெஞ்சளவு ஆழம் வந்தபோது வேலையை நிறுத்தினார்கள். அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார்கள். அடுத்த வருஷம் கேட்கப் போனபோது, உங்கள் குளம்தான் பத்தடி ஆழத்துக்கு வெட்டி முடிந்துவிட்டதே என்றார்கள். முடிந்த குளத்தை மறுபடி வெட்ட வழியில்லை. மீதி ஆழத்தை ஏட்டில் வெட்டியவன் ராம்சுந்தர் சாவ் என்று ஊருக்கே தெரியும். கடைத்தெருவில் சிமென்ட் கடையும் இரண்டு டிராக்டரும் வைத்திருப்பவன். திட்டத்தில் குத்தகைக்காரனுக்கு இடம் இல்லை என்று சட்டம். அதனால் அவன் குத்தகைக்காரன் இல்லை. எல்லா வேலையிலும் பக்கத்தில் நிற்பான், அவ்வளவுதான்.

ராஞ்சியிலிருந்த ஓர் அமைப்பு இந்தப் பக்கத்துக் குளங்களுக்காகப் பொதுநல வழக்குப் போட்டது. ஊரிலிருந்து யாராவது சத்தியம் செய்து வாக்குமூலம் கொடுக்க வேண்டும் என்று அவர்களுடைய வக்கீல் கேட்டபோது, கூட்டத்தில் ஆம்பிளைகள் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் காலில் எறும்பு கடித்தது. குனிந்துகொண்டார்கள். ஜித்னி கையெழுத்துப் போட்டாள். இதில் பொய் இருந்தால் ஜெயில் என்று படித்துக் காட்டித்தான் வாங்கினார்கள். 'ஈச்சம்புதர் உள்ள மண்திட்டு இன்றும் நிற்கிறது, அளந்தால் ஐந்தடிகூட வராது' என்று அதில் இருந்தது.

எதிர்த்தரப்பு வேறு போட்டோக்களைக் காட்டியது. யாரை நம்புவது என்று கோர்ட் ஒரு வக்கீலைக் கமிஷனராகப் போட்டு, போய் அளந்து வா என்றது.

அதற்குள் ஒரு திட்டு மழையில் கரைந்துவிட்டது. இன்னொன்றின் மேல் ராம்சுந்தர் சாவின் டிராக்டர் பின்பக்கமாக ஏறியது. ஓட்டியவன் ஜத்ரு, கந்தூரின் தம்பி. "பின்னாடி தெரியல அண்ணி," என்று அவன் சொன்ன அன்றைக்குத்தான், இரண்டு வீட்டுக்கும் பொதுவாக இருந்த முற்றத்தின் நடுவே ஜித்னி மூங்கில் படல் கட்டினாள். படலுக்கு அந்தப் பக்கம் ஜத்ருவின் பெண்டாட்டி பாலோ. அதற்குப் பிறகு ஜித்னி அவள் முகத்தைப் பார்க்கவில்லை. மிஞ்சியிருந்த ஒரே திட்டை மழைக்காலம் முழுக்க ஜித்னி காத்தாள். இலைத் தொப்பி வைத்தாள், ஆடு ஏறினால் கல்லெறிந்தாள், ஏறி விளையாடிய பிள்ளைகளின் அம்மாக்களோடு சண்டை போட்டாள். காத்துக் காத்து, கடைசியில் பண்டிகை நாளில் அரிசிக் கள் கொஞ்சம் கூடிப்போய் சீக்கிரமே கண் அசந்துவிட்டாள்.

"தண்ணி ஊத்திக் கழுவிடலாமா?" என்றான் கந்தூர்.

"கழுவினா, கழுவினவ நான்தான்னு ஆயிடும். புதரை எங்கேருந்து கொண்டாருவே?"

"யாரு வேலைன்னு தெரியுதா?"

தெரிந்தது. செம்மண் கொடியில் இலைக்கு மூன்று புள்ளி வைக்கிற கை இந்த ஊரில் ஒன்றுதான். ஜித்னியின் வீட்டுச் சுவரிலேயே போன வருஷம் வரை அந்தக் கை எழுதிய கொடி இருந்தது. இப்போது குதிகால் சத்தம் கேட்டது. படலைத் தாண்டி அவள் போனபோது பாலோ அடுப்பில் அரிசி ரொட்டி தட்டிக்கொண்டிருந்தாள்.

"சாவ் எவ்வளவு கொடுத்தான்?"

பாலோ நிமிர்ந்தாள். இத்தனை மாதம் கழித்து வாசலில் வந்து நிற்கிறாளே என்று முதலில் முகம் மலர்ந்துதான் நிமிர்ந்தாள். "எதுக்கு அக்கா?"

"அக்கான்னு கூப்பிடாதே. திட்டுக்கு."

"அதுக்கு எதுக்குக் காசு? ஊரு பூரா மெழுகினோம், தொழுவம், களம், உலக்கைகூட. பெரிய கோர்ட்டுலேருந்து ஒரு ஆளு வர்றாரு, அந்தத் திட்டுகிட்டதான் நிக்கப்போறாரு. அது மட்டும் முள்ளும் ஆட்டுப் புழுக்கையுமா நிக்குது. அவரு கையை வெச்சு அளக்கிறப்போ ஈச்ச முள்ளு குத்தினா யாருக்குக் கேவலம்? நம்ம குடும்பத்துப் பேருல இருக்கிற கேஸு..."

"உன் புருஷன் ஒண்ணை இடிச்சான். நீ ஒண்ணை முடிச்சே. குடும்பத்தோட கூலிக்குப் போறீங்களாடி?"

பாலோவின் கையில் மாவு அப்படியே இருந்தது. எழுந்து வந்து கதவைச் சாத்தினாள். உள்ளே ரொட்டி கருகுகிற வாசனை வந்தது.

ஜித்னி அங்கேயே நின்றாள். பாலோ சொன்னது நிஜமாக இருக்குமோ என்று தோன்றியது. நிஜமாக இருந்தால் இன்னும் மோசம். காசு வாங்கியவளைக் காட்டிக்கொடுக்கலாம், இவளை என்ன செய்வது?

ஜீப் வந்தபோது சாவ் முன்பாகவே வந்து குளக்கரையில் நாற்காலிகள் போட்டு, பிஸ்கட் தட்டும் வைத்திருந்தான். பக்கத்தில் குளத்தை முடிந்ததாக எழுதிய ஓவர்சியர், ஒரு பெரிய டேப்போடு. டிராக்டரில் சாய்ந்தபடி ஜத்ரு. திட்டைப் பார்த்த ராம்சுந்தர் சாவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

"என்னா மேட் அம்மா, கல்யாணத்துக்குச் சொல்லவே இல்ல? மாப்பிள்ளை யாரு, ராஞ்சியா?"

"நாற்காலி போட்டிருக்கியே, நீதான் பொண்ணு வீட்டுக்காரன்னு நினைச்சேன்," என்றாள் ஜித்னி. பெண்கள் சிரித்தார்கள். அவளுக்கு வாய் மட்டும்தான் பேசியது.

கமிஷனர் அனுபம் சர்க்கார் என்ற ஒல்லியான மனிதர். பிஸ்கட்டைப் பார்த்து, "அளந்துட்டு அப்புறம்," என்றார். செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு குளத்துக்குள் இறங்கினார். அடியில் சேறு, நடுவில் கொஞ்சம் தண்ணீர். திட்டைச் சுற்றி ஒரு முறை நடந்தார். பையிலிருந்து காகிதத்தை எடுத்தார்.

"ஜித்னி ஓராவ் யாரு?"

"நான்தான் ஐயா."

"ஈச்சம்புதர் உள்ள திட்டுன்னு சொல்லியிருக்கீங்க. புதர் எங்கே?"

"நேத்து வரைக்கும் இருந்துச்சு ஐயா."

ஓவர்சியர் இதற்காகவே காத்திருந்தவர் போல முன்னால் வந்தார். "சார், இந்த இடம் முதல்ல நல்ல மேடு. நாங்க பத்தடி வெட்டினோம். திட்டும் பத்தடி நின்னுது. இவங்க மேல்பாதியைச் சீவிட்டு, வெட்டின தடம் தெரியாம இருக்க மண்ணைப் பூசியிருக்காங்க. புதர்னு ஒண்ணு எப்பவுமே கிடையாது. சுத்தியும் பாருங்க, தோண்டின மண்ணு கரையில குவிஞ்சு கிடக்கு. பழைய தரை எங்கே இருந்துதுன்னு இந்தத் திட்டை விட்டா வேற எதுவும் சொல்லாது. அதனாலதான் இதுல கை வெச்சிருக்காங்க."

அவர் சொன்னதில் ஒன்று மட்டும் உண்மை. பழைய தரைக்கு இந்தத் திட்டை விட்டால் வேறு சாட்சி இல்லை.

சர்க்கார் பூச்சின் மேல் விரலை வைத்தார். ஈரம் ஒட்டியது. "இதைப் பூசினது யாரு?"

கரையில் நின்ற பெண்களுக்குப் பின்னால் பாலோ முக்காடு போட்டுக்கொண்டு நிற்பது ஜித்னிக்குத் தெரிந்தது. பேரைச் சொல்லிவிடலாம். சொன்னால், உன் ஓரகத்திதானே, வீட்டுக்குள் பேசி வைத்துச் செய்தது என்பான் சாவ். சாயங்காலத்துக்குள் ஜத்ருவின் கையிலிருந்து டிராக்டரும் போய்விடும். நானே பூசினேன் என்றால் இப்போதே ஜீப்பில் ஏற வேண்டியதுதான். பேசாமல் நின்றாலோ, அவர் பேனா மூடியைத் திறந்துவிட்டார்.

"ஜித்னி அம்மா, சாட்சியப் பொருள் மாத்தப்பட்டிருக்குன்னு நான் எழுதணும். யார் மாத்தினதுன்னும் எழுதணும். வாக்குமூலம் கொடுத்தவங்க நீங்க. நீங்களே கை வெச்சிருந்தா, அது உங்களுக்கு ரொம்பப் பெரிய சிக்கல். புரியுதா?"

"புரியுது ஐயா. நான் கை வைக்கல. யாருன்னு எனக்குத் தெரியும்னு நினைக்கிறேன். ஆனா கண்ணால பாக்கல. கண்ணால பாத்ததை மட்டும் சொல்றேன்னுதான் உங்க காகிதத்துல கையெழுத்துப் போட்டேன். செஞ்சவங்க செஞ்சதைச் சொல்லட்டும்."

"சொல்ல ஆளில்ல சார், எழுதிக்குங்க," என்றான் சாவ்.

"ஏன் ஆளில்ல? நான் என்ன ஆடா மாடா?"

பாலோ முக்காட்டை இடுப்பில் செருகிக்கொண்டு கரையிலிருந்து இறங்கி வந்தாள். ஜத்ரு டிராக்டரிலிருந்து குதித்தான். "ஏய் பாலோ, வீட்டுக்குப் போ!"

"நீ போ. அடுப்புல ரொட்டி இருக்கு, கருகினது, தின்னு." அவள் நேராகச் சர்க்காரின் முன்னால் வந்து நின்றாள். ஜித்னியின் பக்கம் திரும்பவே இல்லை. "நான்தான் ஐயா பூசினேன். நேத்து சாயங்காலம். யாரும் சொல்லல, யாரும் காசு கொடுக்கல. அப்படி யாராவது சொன்னா அவங்க வாயில புழுதான்."

கடைசி வரி யாருக்கென்று ஜித்னிக்குத் தெரிந்தது. வாங்கிக்கொண்டாள்.

"ஏன் பூசினீங்க?"

"உங்க கையில முள்ளு குத்தாம இருக்கத்தான்."

கரையில் சிரிப்பு எழுந்தது. ஓவர்சியரும் சிரித்தார். சர்க்கார் சிரிக்கவில்லை. தன் கையை ஒரு தடவை பார்த்துக்கொண்டார்.

"ஜத்ரு," என்றான் சாவ், சத்தம் போடாமல். "உன் வீட்டம்மா நல்லா பேசுறாங்க."

"குறுக்கே பேச வேணாம்," என்றார் சர்க்கார். "அந்தப் புதரை என்னம்மா பண்ணினீங்க?"

ஜித்னி தலையில் அடித்துக்கொள்ளாத குறைதான். காலையில் கதவுக்கு முன்னால் நின்று அத்தனை பேசினாளே, இந்த ஒரு கேள்வி வாயில் வரவில்லையே.

"ஓலையை வெளக்குமாத்துக்குக் காய வெச்சிருக்கேன். கட்டையையும் வேர்மண்ணையும் கீழ் வயலு வரப்புல அடைச்சுட்டேன். நண்டு வளை போட்டு வயலுத் தண்ணியெல்லாம் ஓடுது, கதிரு பால் பிடிக்கிற நேரம். நல்ல கனமான கட்டை ஐயா, சும்மா எறிய மனசு வரல."

"காட்டுங்க."

சர்க்கார், ஓவர்சியர், சாவ், பின்னால் பாதி ஊர் என்று வரிசையாக வரப்பில் நடந்தார்கள். ஜித்னி யோசித்துக்கொண்டே பின்னால் நடந்தாள். ஈச்சங்கட்டை அங்கே இருக்கும். ஆனால் கட்டை என்பது கட்டைதானே? இந்த மேடெல்லாம் ஈச்சம்புதர். இதுதான் அது என்று யார் சொல்வது? ஓவர்சியர் அதைத்தான் வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார். "சார், காட்டுல எங்கே தோண்டினாலும் இது கிடைக்கும்."

பாலோ முழங்காலில் உட்கார்ந்து வரப்புக்குள் கையை விட்டு இழுத்தாள். ஆட்டுக்குட்டி அளவு கட்டை, கறுப்பு மண்ணோடு உருண்டு வந்தது. அடைப்பு விட்டதும் தண்ணீர் குபுகுபுவென்று பக்கத்து வயலில் இறங்கத் தொடங்கியது. அவள் ஒரு கணம் அந்தத் தண்ணீரையே பார்த்தாள். பிறகு கட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு குளத்துக்கு நடந்தாள்.

சர்க்கார் ஊர்க்காரர் யாரையும் திட்டைத் தொட விடவில்லை. பூச்சை உரிக்கும் வேலையை ஓவர்சியரிடமே கொடுத்தார். "நாளைக்கு நீங்களே குறை சொல்லக் கூடாது பாருங்க." அவர் சட்டைக் கையை மடித்துக்கொண்டு, முகத்தைச் சுளித்தபடி உரித்தார். வெள்ளை மண் வில்லை வில்லையாக விழுந்தது. மூன்று புள்ளி இலைகள் சேற்றில் கிடந்தன. உச்சியில், சட்டி கவிழ்த்த மாதிரி ஒரு பள்ளம். பாலோ அதையும் குழைத்த மண்ணால் நிரப்பி மட்டமாகத் தேய்த்திருந்தாள். தோண்டத் தோண்ட, பள்ளத்தின் அடியில் அறுந்த வேர்முனைகள் வெள்ளையாகத் தெரிந்தன. நடுவில் ஒரு வேர் மட்டும் கட்டைவிரல் கனம், சாய்வாக வெட்டுப்பட்டு நின்றது.

கட்டையைத் திருப்பினார்கள். அதன் அடியில் கட்டைவிரல் கனத்தில் ஒரு வேர், அதே சாய்வில் வெட்டுப்பட்டிருந்தது. உட்கார வைத்தபோது முதலில் பொருந்தவில்லை. "இப்படி இல்ல ஐயா, முகத்தை மேற்கால திருப்புங்க," என்றாள் பாலோ. "வெட்டினவ நான், எனக்குத் தெரியாதா?" ஓவர்சியர் அசையவில்லை. சர்க்காரே குனிந்து திருப்பினார். கட்டை உள்ளே இறங்கி உட்கார்ந்தது.

"ஸ்ஸ்!" என்று கையை இழுத்துக்கொண்டார். ஓலை வெட்டிய அடியில் மிஞ்சியிருந்த முள் விரலில் ஏறிவிட்டது.

"அதைத்தான் சொன்னேன்," என்றாள் பாலோ.

இந்த முறை அவரும் சிரித்துவிட்டார். பிறகு திட்டின் ஒரு பக்கத்தில் உள்ளங்கை அகலத்துக்கு மண்ணைச் செதுக்கச் சொன்னார். மேலே ஒரு சாண் கறுப்பு மண், கீழே சிவப்பு. கட்டையின் வேர்கள் அதற்குள் விரல் விரலாக இடுப்பளவு வரை இறங்கியிருந்தன. மேல்பாதியைச் சீவிய திட்டாக இருந்தால் தலையில் இந்தக் கறுப்பு மண்ணும் இருக்காது, வேரும் இருக்காது.

"இந்த வேர் எத்தனை வருஷம் இருக்கும்னு நினைக்கிறீங்க?" என்று ஓவர்சியரைக் கேட்டார்.

"நான் விவசாயத் துறை இல்ல, சார்."

"சரி, உங்க துறை என்ன சொல்லுதுன்னு பாப்போம். டேப்பைப் பிடிங்க."

ஓவர்சியர் தன் டேப்பைத் தானே பிடித்து, தானே படித்தார். நாலே முக்கால் அடி. அவர் குரல் அவ்வளவு மெல்லியதாக வெளியே வந்து ஊர்க்காரர்கள் கேட்டதில்லை. "இங்க கேக்கல!" என்று அந்தக் கரையிலிருந்து ஒருத்தி கத்தினாள். ஜித்னி தன் குரலில் திருப்பிச் சொன்னாள். அந்தக் கரைக்கும் கேட்டது, அதற்குப் பின்னாலிருந்த தோப்புக்கும் கேட்டிருக்கும்.

சர்க்கார் உட்கார்ந்து எழுதினார். பூசியதையும், யார் ஏன் பூசினார்கள் என்பதையும், கட்டை எங்கிருந்து வந்தது என்பதையும், முள் குத்தியதையும்கூட எழுதியதாகப் பிறகு ராஞ்சி வக்கீல் சொன்னார். பாலோவிடம் கையெழுத்து வாங்கினார். "கண்டதை எழுதிட்டேன். தீர்ப்பு என் கையில இல்ல," என்று சொல்லிவிட்டு, சாவின் பிஸ்கட்டைத் தொடாமல் ஜீப்பில் ஏறினார்.

தீர்ப்பு இன்னும் வரவில்லை. அடுத்த வாய்தாவில் அவர் அறிக்கையைப் படித்த கோர்ட், முடிந்த வேலைகளின் வரிசையிலிருந்து தும்பர்டாண்ட் குளத்தை எடுக்கச் சொன்னது. வெட்டாத குளம் வெட்டாததாகவே மறுபடி ஏட்டில் ஏறியது. ஜித்னிக்கு அது போதுமாக இருந்தது.

அதெல்லாம் பிறகு. அன்றைக்கு ஜீப்பின் தூசி அடங்குவதற்கு முன்பே சாவ் கையை நீட்டினான். ஜத்ரு டிராக்டர் சாவியை அதில் வைத்தான். வீட்டை நோக்கி நடந்தவனின் பின்னாலேயே கந்தூர் நடந்தான், மாட்டுக்கு ஏதோ ஆன மாதிரி தம்பியின் முதுகைத் தட்டிக்கொண்டே.

ஜித்னி வீட்டுக்குப் போகவில்லை. மண்வெட்டியை எடுத்துக்கொண்டு கீழ் வயலுக்குப் போனாள். வரப்பில் கட்டை எடுத்த ஓட்டை பெரிதாகியிருந்தது. பாலோவின் வயலில் பாதத்தளவு தண்ணீர்தான் மிச்சம். ஒரு கல்லைத் தேடி உருட்டி வந்து உள்ளே தள்ளி, புல் கட்டியாக வெட்டி அதன் மேல் மிதித்தாள். தண்ணீர் கல்லின் ஓரமாகக் கசிந்தது. மறுபடி வெட்டி, மறுபடி மிதித்தாள்.

பாலோ எப்போது வந்தாள் என்று தெரியாது. வரப்பின் மேல் குந்தி உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஜித்னி நிமிரவில்லை. "காலையில நான் கேட்டேனே," என்றாள். "எவ்வளவு கொடுத்தான்னு."

"கேட்டே."

ஜித்னி இன்னொரு கட்டியை வைத்து மிதித்தாள். கசிவு நிற்கவில்லை.

"இப்படியா அடைப்பாங்க, அரைகுறையா?" பாலோ புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கினாள். "நண்டு வளைக்கு ரெண்டு வாய் இருக்கும். அந்தப் பக்கம் போய் அதையும் அடை, போ அக்கா."